ஜிராயா தேரையாக மாறும் விதம்

ஜப்பானியக் கதைகளில் வரும் ஜிராயா, தேரை மாயம் கற்ற கொள்ளைக்காரன். 1839 முதல் 1868 வரை தொடராக வெளிவந்த கதைநூல்களாலும் கபுகி என்னும் ஜப்பானிய மரபு நாடக மேடையாலும் புகழ்பெற்ற இந்த வீரனை, 1921 இல் இயக்குநர் மக்கினோ ஷோசோ மௌனப்படமாக்கினார். ஜிராயாவாக நடித்தவர் ஒனோயே மட்சுனொசுகே. திரையில் அவர் நின்ற இடத்தில் அடுத்த நொடியே பெருந்தேரை ஒன்று வீற்றிருக்கிறது.

அக்காலக் கேமராவைக் கையால் சுழற்றி இயக்கினார்கள். நொடிக்கு ஏறத்தாழ 16 படங்கள் பதிவாகும். மாறவேண்டிய கட்டத்தில் நடிகர் அசையாமல் நிற்க, சுழற்றுவது நிறுத்தப்படும். அவர் விலகி, தேரை வேடமிட்டவர் அதே இடத்துக்கு வந்தபின் மீண்டும் சுழற்றுவார்கள். கேமரா நின்றிருந்த நேரம் எவ்வளவு நீண்டதாயினும், அது படச்சுருளில் பதிவாவதே இல்லை. ஆகவே மனிதனும் தேரையும் அடுத்தடுத்த இரு படங்களாகி, இடையே நொடியில் பதினாறில் ஒரு பங்கே எஞ்சுகிறது. சுழற்சி நிற்கும்போதும் தொடங்கும்போதும் வேகம் குறைவதால் அங்குள்ள படங்களில் ஒளி மிகுதியாக விழுந்து வெளிறிவிடும் என்பதால், அவற்றைக் கத்தரித்துச் சுருளை ஒட்டினால்தான் வித்தை முழுமையாகும்.

நம் கண் ஏமாறுவதற்குத் தேரையை விட, மாறாமல் நிற்கும் பின்னணியே முதன்மையான காரணம் என்பேன். மரமும் சுவரும் அணுவளவும் நகராதபோது, காட்சி அறுந்ததாக மனம் கருதுவதில்லை. உருவம் மட்டுமே மாறியதாகக் கொள்கிறது. அதனால்தான் கேமராவை அசையாமல் ஊன்றி வைப்பது கட்டாயமாகிறது.

இதே உத்தியைப் பிரான்சில் திரைப்பட முன்னோடி மெலியேஸ் 1896 இலேயே கையாண்டிருந்தார். ஆனால் ஜப்பானிய நடிகர்களுக்கு இயல்பிலேயே ஒரு வசதி இருந்தது. கபுகியில் உச்சக்கட்டத்தில் நடிகர் விழிகளை உருட்டி அப்படியே உறைந்து நிற்பார். இந்நிலைக்கு 'மியே' என்று பெயர். 'கண்விழி மட்சு' என்று மக்கள் செல்லமாக அழைத்த மட்சுனொசுகே அவ்வாறு உறையும்போது, கேமராவுக்காக நிற்கிறார் என்று எவருக்கும் தோன்றாது. சுற்றி நிற்கும் வீரர்களுக்கோ அது எளிதன்று. காத்திருக்கும் வேளையில் ஒருவரது வாள்நுனி சற்றே தாழ்ந்தாலும், மாற்றம் நிகழும் கணத்தில் அது துள்ளுவதுபோல் திரையில் தெரிந்துவிடும். அந்தத் துள்ளலை மறைக்கப் புகை பெரிதும் உதவும், ஏனெனில் புகை எப்படிக் கலைந்தாலும் அதன் முந்தைய வடிவத்தை எவரும் நினைவில் வைத்திருப்பதில்லை.