குட்டி பின்வாங்கினால் அதட்டாதீர்கள்

மலேசியாவின் சுங்கை சிப்புட் போன்ற தோட்டப் பட்டணங்களில், ஐந்தாறு மாத நாய்க்குட்டி நாகத்தின் மேல் பாயப் போனால் வீட்டில் ஒரே பெருமை. "எங்க குட்டிக்குப் பயமே தெரியாது!" எங்களுக்குக் கவலை தருவதும் அந்தப் பேச்சுதான்.

தைரியமான குட்டி இரண்டடி முன்னே வைத்து ஓரடி பின்னே வரும், தள்ளி நின்று குரைக்கும், கூப்பிட்டால் திரும்பும். அசட்டுத் துணிச்சல் உள்ளதோ சத்தமே போடாமல் கழுத்தை நீட்டி நேரே போகும். மூக்கிலும் முன்னங்காலிலும் கடிபடுவது அதனால்தான்.

எட்டு வாரத்துக்கு முன்பே தாயிடமிருந்து பிரித்த குட்டிகளிடம் இந்தக் குறை அதிகம். எது எல்லை என்பதைத் தாயும் கூடப்பிறந்தவையும் கடித்து, உறுமி, ஒதுக்கிக் கற்றுக்கொடுக்கின்றன. குஞ்சோடு இருக்கும் தாய்க்கோழி கொத்தினாலும் பாடம்தான். நாகம் கொத்தினால் படிக்கக் குட்டி இருக்காது. "பட்டுத் தெரிஞ்சுக்கட்டும்" என்று விடாதீர்கள்.

செம்பனை (எண்ணெய்ப்பனை) மரத்தடியில் உதிரிப்பழத்துக்கு எலி வரும், எலிக்கு நாகம் வரும். வெட்டி அடுக்கிய மட்டைக் குவியலுக்குள் அது கிடக்கும். இங்குள்ள துப்பும் நாகம் இரண்டு மீட்டர் தள்ளியிருந்தும் கண்ணில் விஷத்தைப் பீய்ச்சும். ஆகவே அதற்கும் அப்பால் நிற்கக் குட்டி பழக வேண்டும்.

பாம்புக்குப் பதிலாக முற்றத்தில் பழைய ரப்பர் குழாயைப் போடுங்கள். ஐந்து மீட்டர் கயிற்றில் குட்டியை நடத்துங்கள். குழாயைப் பார்த்ததும் பெயர் சொல்லிக் கூப்பிடுங்கள். திரும்பிய அதே நொடியில் நகத்தளவு வெந்த ஈரல் கொடுங்கள்; தாமதித்தால் எதற்குக் கிடைத்ததென்று அதற்குப் புரியாது. ஐந்து நிமிடம், நாளுக்கு இருமுறை போதும். வீட்டில் பழகிய பிறகே தோட்டத்து ஓரம், அங்கேயும் கயிற்றோடு. இந்தப் பழக்கம் கெட்டுப்போவது பெரும்பாலும் நம்மால்தான்: வந்த குட்டியை அடிப்பது, கட்டிப்போட மட்டுமே கூப்பிடுவது, பிள்ளைகள் "சூ, பிடி!" என்று ஏவிவிடுவது.

கண்ணில் விஷம் பட்டால் தேய்க்க விடாமல் சுத்தமான தண்ணீரை மெல்ல ஊற்றி 15 முதல் 20 நிமிடம் கழுவுங்கள். அடங்கிவிட்டது போலத் தெரிந்தாலும் கருவிழியில் புண் இருக்கலாம், அன்றே கால்நடை மருத்துவரிடம் காட்டுங்கள். கடித்திருந்தால் கீறவோ, உறிஞ்சவோ, இறுக்கிக் கட்டவோ கூடாது. நடக்க விடாமல் தூக்கி வாருங்கள். இமை தொங்கி, எச்சில் வழிந்து, பின்னங்கால் தள்ளாடினால் அடுத்து மூச்சும் நின்றுவிடலாம்.

விஷமுறிவு மருந்து எல்லாக் கிளினிக்கிலும் இருக்காது. எங்கே இருக்கிறதென்று இன்றே போன் செய்து கேட்டு, எண்ணைச் சுவரில் ஒட்டி வையுங்கள்.