முகத்தை மூடினால் வீரம் குறையாது

போன சனிக்கிழமை பின்னேரம் பதினொரு வயதுப் பெடியன் ஒருவனைத் தகப்பன் கூட்டிவந்தார். வீட்டுக்கு முன்னால், தெருவில் ஹொக்கி விளையாடும்போது மட்டை வாயில் பட்டு மேல்வரிசை முன்பல் வேரோடு கழன்றுவிட்டது. தகப்பன் சட்டைப்பையிலிருந்து ஒரு ரிசுத்தாளை எடுத்துப் பிரித்தார். உள்ளே பல், காய்ந்துபோய்.

"ஊத்தையாக் கிடந்தது டொக்டர், பிரஷ் போட்டு நல்லாத் தேய்ச்சுக் கழுவினனான்."

விழுந்து ஒன்றரை மணித்தியாலம் ஆகியிருந்தது. இந்தக் குளிர்காலத்தில் ஸ்காபரோவில் என் பல்வைத்தியக் கதிரையில் இப்படி வந்து இருந்த நான்காவது பிள்ளை இவன். பல்லைக் காக்க வாய்க்குள் போடும் மவுத்கார்ட் எங்கே என்று கேட்டேன். "டீவியில விளையாடுறவையே முகத்தை மூடுறேல்லை. இவன் போட்டால் மற்றப் பெடியள் பகிடி பண்ணுவாங்கள்" என்றார். இந்தப் பதிலைக் கேட்டுக் கேட்டு அலுத்துவிட்டது. அதனால்தான் எழுதுகிறேன்.

டீவியைப் பார்த்து வீரத்தை அளக்கும் பழக்கம் கனடாவில் பழையது. பனி ஹொக்கி இங்கே தொலைக்காட்சிக்கு வந்தது 1952 ஒக்ரோபரில், மொன்றியல் ஃபோரம் அரங்கிலிருந்து. அடுத்த மாதம் ரொறன்ரோ ஆட்டங்களும் வந்தன. அதுவரை வானொலியில் வர்ணனையாளர் ஃபொஸ்டர் ஹியூவிற்றின் குரலை மட்டும் கேட்டு வந்த சனங்கள் முதல்தடவையாக வீட்டுக்குள் இருந்தே விளையாட்டைப் பார்த்தார்கள். கறுப்பு வெள்ளைத் திரையில் தெரிந்த அத்தனை பேருக்கும் வெறும் முகம். பறந்து வரும் கெட்டி இறப்பர்த் தட்டான பக்குக்கு நேரே நிற்கும் கோல்காப்பாளருக்கும் வெறும் முகம்தான். அதுதான் ஆம்பிளைத்தனம் என்று ஒரு தலைமுறை மனதில் பதித்துக்கொண்டது.

அந்த ஐம்பதுகளில் மொன்றியல் கனேடியன்ஸ் அணியின் கோலைக் காத்தவர் ஜாக் பிளான்ட். கியூபெக்கில் 1929இல் பிறந்தவர், பதினொரு பிள்ளைகளில் மூத்தவர். சின்ன வயதிலேயே ஆஸ்துமா. நெடுநேரம் சறுக்கி ஓட மூச்சு விடாததால்தான் கோலுக்குப் போனார். தன் கம்பளித் தொப்பிகளைத் தானே பின்னிக்கொள்பவர். பக் பட்டு இரண்டு கன்ன எலும்பும் வெவ்வேறு காலத்தில் உடைந்தன, மூக்கு பலதடவை உடைந்தது. அப்புறம் பயிற்சியின்போது முகமூடி போடத் தொடங்கினார். ஆட்டத்தில் போட மட்டும் பயிற்றுநர் டோ பிளேக் விடவில்லை. காலடியில் வரும் பக் தெரியாது, உறுதி குறைந்துவிடும் என்பது அவர் பயம்.

1959 நவம்பர் 1, நியூயோர்க். ஆட்டம் தொடங்கிச் சில நிமிடங்களில் எதிரணியின் அன்டி பாத்கேற் அடித்த பக் பிளான்டின் முகத்தைக் கிழித்தது. அந்தக் காலத்தில் அணிகள் இரண்டாவது கோல்காப்பாளரைக் கூட்டிப்போவதில்லை. தையல் போட்ட பிறகு, முகமூடி இல்லாமல் திரும்பிப் போகமாட்டேன் என்று பிளான்ட் நின்றுவிட்டார். வேறு வழியில்லாமல் பிளேக் இறங்கிவந்தார். தோல் நிறத்தில் ஒரு கண்ணாடியிழை முகமூடி. மொன்றியல் 3-1 என்று வென்றது. அடுத்த மார்ச்சில் பயிற்றுநர் கேட்டதற்காக ஒரே ஒரு ஆட்டம் அதைக் கழற்றினார், 3-0 என்று தோற்றார்கள். மறு ஆட்டத்தில் முகமூடி திரும்பிவந்தது. அந்த வசந்தத்தில் தொடர்ந்து ஐந்தாவது தடவையாகச் சம்பியனுக்கான ஸ்ரான்லி கிண்ணமும் வந்தது.

முகத்தை மூடியதால் அவருக்கு என்ன குறைந்தது, சொல்லுங்கள்? 1974க்குப் பிறகு, இவர்கள் ஆடிய தொழில்முறை லீக்கான என்.எச்.எல்.லில் வெறும் முகத்தோடு ஒரு கோல்காப்பாளரும் நிற்கவில்லை. கோலுக்கு வெளியே ஆடுபவர்கள் முகத்தின் மேற்பாதியை மட்டும் மறைக்கும் அரைக் கண்ணாடியோடு ஆடுவதும், மவுத்கார்டை வாயோரம் தொங்கவிட்டுச் சப்புவதும் டீவியில் தெரிகிறதுதான். அவர்கள் வளர்ந்தவர்கள், அரங்கிலேயே வைத்தியர் இருக்கிறார். உங்கள் பிள்ளையின் தாடை இன்னும் வளர்ந்து முடியவில்லை. அதில் வைக்கும் செயற்கைப் பல்லுக்கு எலும்பில் பதிக்கும் நிரந்தர இம்பிளான்ட் போட நான் பல வருடம் காத்திருக்க வேண்டும்.

பனியரங்கில் கம்பிக்கூண்டு போடுகிறார்களே, போதாதா என்பீர்கள். போதாது. தாடையில் அடி விழுந்தால் மேற்பல்லும் கீழ்ப்பல்லும்தான் மோதும், கூண்டு அதைத் தடுக்காது. தெரு ஹொக்கியில் அந்தக் கூண்டும் இல்லை. மவுத்கார்ட் இரண்டு இடத்திலும் வேண்டும். பல் முளைக்க முளைக்க அளவு மாறும், சீசனுக்கு ஒருதடவை கொண்டுவந்து காட்டுங்கள். சப்பிக் கிழிந்ததைத் தூக்கி எறியுங்கள்.

அப்படியும் நிரந்தரப் பல் கழன்றுவிட்டால், வேரைத் தொடாதீர்கள், தேய்க்கவே தேய்க்காதீர்கள். வேரின்மேல் இருக்கும் உயிருள்ள மெல்லிய படை போய்விட்டால் பல் ஒட்டாது. வாயில் வெளியே தெரியும் வெள்ளைப் பகுதியைப் பிடித்துச் சில விநாடி குளிர்ந்த தண்ணீரில் அலசி, வந்த குழியிலேயே வைத்து, துணியைக் கடிக்கச் சொல்லுங்கள். கை நடுங்குகிறதா, சரி, குளிர்ந்த பாலில் போடுங்கள். பால்பல் என்றால் திருப்பி வைக்கவேண்டாம். ரிசுத்தாள் மட்டும் வேண்டாம், தயவுசெய்து. அரை மணித்தியாலத்துக்குள் வரப் பாருங்கள். காரில் ஏறியதுமே போன் எடுத்துச் சொல்லுங்கள், நாங்கள் கதிரையை ஆயத்தமாக வைத்திருப்போம்.