74-ல் ஏறத் தொடங்கும் அதிர்ஷ்டம்

"எழுபத்தாறுல நிக்குது மாமா. இனி ஒரே ஒரு பத்து போதும்."

அக்கா மகன் போனை என் பக்கம் திருப்பிக் காட்டினான். கென்ஷின் இம்பாக்ட் என்ற மொபைல் விளையாட்டில் கடந்த 76 முறை குலுக்கியும் அவனுக்கு ஃபைவ் ஸ்டார், அதாவது ஆக உயர்ந்த தரத்துக் கேரக்டர் ஒன்றுகூட விழவில்லை. அதில் அவனுக்கு வருத்தம் எதுவும் இல்லை. சம்பளத் தேதி நெருங்குகிறவனின் நிம்மதிதான் முகத்தில் இருந்தது. அவனுக்குப் பிடித்த கேரக்டர் வர இன்னும் மூன்று வாரம் இருக்கிறதாம், அதுவரை தொட மாட்டானாம்.

இத்தனை முறை விழவில்லை, ஆகவே அடுத்தது விழுந்தே தீரும் என்று நம்புவது சூதாடிகளின் பழைய மயக்கம். தாயக்கட்டைக்கு ஞாபகம் கிடையாது. பத்து முறை தாயம் விழாமல் போனாலும் பதினோராவது முறை வாய்ப்பு அதேதான். பள்ளியில் நிகழ்தகவு படித்த எவரும் இதைச் சொல்வார்கள், நானும் சொன்னேன். பையன் சிரித்தான். அவன் சொன்னதுதான் சரி என்று ஒப்புக்கொள்ள எனக்கு ஒரு சாயங்காலமும் ஒரு கால்குலேட்டரும் தேவைப்பட்டன. இந்தக் கட்டைக்கு ஞாபகம் இருக்கிறது.

இந்தக் குலுக்கல் முறைக்குப் பெயர் கச்சா. கேட்டதும் கச்சா எண்ணெய் ஞாபகம் வருகிறவர்களுக்கு ஒரு வார்த்தை. ஜப்பானில் கடை வாசல்களில் பொம்மை இயந்திரங்கள் இருக்கும். காசு போட்டுத் திருகினால் ஒரு பிளாஸ்டிக் உருண்டை விழும், உள்ளே என்ன பொம்மை என்று உடைத்துப் பார்த்தால்தான் தெரியும். திருகும்போது எழும் சத்தம் 'கச்சா', உருண்டை விழும் சத்தம் 'போன்'. அந்தத் திருகலைத்தான் மொபைல் விளையாட்டுகள் எடுத்துக்கொண்டன. காசு, அல்லது விளையாடிச் சேர்த்த ரத்தினங்கள் கொடுத்தால் ஒரு குலுக்கல். கென்ஷினில் குலுக்கலுக்கு 'விஷ்' என்று பெயர், ரத்தினத்துக்கு 'பிரைமோஜெம்'. ஒரு விஷ்ஷுக்கு 160 பிரைமோஜெம்.

சரி, கணக்குக்கு வருவோம். மிஹோயோ நிறுவனம் 2020 செப்டம்பரில் வெளியிட்ட இந்த விளையாட்டில், ஒரு கேரக்டரை முன்னிறுத்திச் சில வாரம் நடக்கும் குலுக்கலுக்கு 'பேனர்' என்று பெயர். கேரக்டர் பேனரின் விவரப் பக்கத்தைத் திறந்தால் மூன்று எண்கள் கண்ணில் படும். ஃபைவ் ஸ்டார் விழும் அடிப்படை வாய்ப்பு 0.6%. எப்படியும் 90 விஷ்ஷுக்குள் ஒன்று உறுதி. அந்த உறுதியையும் சேர்த்துப் பார்த்தால் மொத்த வாய்ப்பு 1.6%.

பெரும்பாலானோர் இதைப் படித்துவிட்டு நகர்ந்துவிடுவார்கள். ஆனால் இந்த மூன்று எண்களும் ஒன்றோடொன்று ஒத்துப்போகவில்லை. 0.6% மட்டும்தான் என்றால் ஒரு ஃபைவ் ஸ்டாருக்குச் சராசரியாக 167 விஷ் ஆகும். 90-ல் ஒரு சுவர் வைத்துவிட்டால் என்ன ஆகும்? 1,000 பேரில் சுமார் 585 பேர் 89 முறையும் வெறுங்கையோடு வந்து அந்தச் சுவரில் முட்டுவார்கள், அங்கே எல்லோருக்கும் ஒன்று கிடைத்துவிடும். இப்படிப் பார்த்தால் சராசரி 69.7 விஷ், அதாவது 1.43%. விவரப் பக்கத்தில் இருப்பதோ 1.6%. அதற்குச் சராசரி 62.5 விஷ்ஷாக இருக்க வேண்டும்.

இடையில் ஏழு விஷ் எங்கே போனது? சுவருக்குச் சற்று முன்பாகவே எங்கோ வாய்ப்பு கூட ஆரம்பித்தால்தான் இந்தக் கணக்கு நேராகும். நிறுவனம் வாயைத் திறக்கவில்லை, அதன் எண்களே காட்டிக்கொடுத்துவிட்டன. இந்த விஷயத்தில் எனக்கு மிகவும் பிடித்த இடம் இதுதான்.

எந்த இடத்தில் ஏறுகிறது என்பதை வீரர்கள்தான் கண்டுபிடித்தார்கள். ஒவ்வொருவருடைய விஷ் வரலாறும் விளையாட்டுக்குள்ளேயே பதிவாகும். ஏராளமானோர் அவற்றை ஒன்றாகக் கொட்டி, எத்தனையாவது விஷ்ஷில் ஃபைவ் ஸ்டார் விழுந்தது என்று எண்ணிப் பார்த்தார்கள். 73 வரை கோடு தரையோடு தரையாகப் போகிறது. 74-ல் திடீரென்று மலை ஏறுகிறது. அந்த ஏற்றத்துக்கு ஏறத்தாழ மிகச் சரியாகப் பொருந்தும் விதி இது: 74-வது விஷ்ஷிலிருந்து ஒவ்வொன்றுக்கும் 6 புள்ளி கூடுதல். 74-ல் 6.6%, 75-ல் 12.6%, 76-ல் 18.6%, இப்படியே போய் 89-ல் 96.6%. அடுத்த படியில் 100-ஐத் தாண்டிவிடுகிறது, ஆக 90-வது தானாகவே உறுதியாகிவிடுகிறது. சுவர் என்று தனியாக ஒன்று கட்டவே வேண்டியதில்லை. இந்த விதியை வைத்துச் சராசரி போட்டால் 62.3 வரும், அதாவது 1.6%. கணக்கு நேராகிவிட்டது.

வீரர்கள் பேச்சில் 90 என்பது 'ஹார்ட் பிட்டி', 74-ல் தொடங்கும் ஏற்றம் 'சாஃப்ட் பிட்டி'. பாவப்பட்டுக் கொடுப்பது என்ற அர்த்தத்தில் வைத்த பெயர். பாவம் பார்ப்பது யார் என்பதை அப்புறம் பார்ப்போம்.

இதே விதிப்படி 1,000 பேரை வரிசையில் நிறுத்துங்கள். முதல் 73 விஷ்ஷுக்குள் கிடைத்து வெளியேறுகிறவர்கள் சுமார் 355 பேர். 74-லிருந்து 83 வரையுள்ள அந்தப் பத்தே படிகளில் 637 பேர் வெளியேறிவிடுவார்கள். மிச்சம் எட்டுப் பேர்கூட இருக்க மாட்டார்கள். உண்மையில் 90-வது விஷ் வரை போகிறவர் ஒரு கோடியில் ஒருவர் இருந்தாலே அதிசயம். விவரப் பக்கத்தில் அச்சிட்டிருக்கும் 90 என்ற எண்ணை ஏறக்குறைய யாரும் தொடுவதில்லை.

நம் பக்கத்துக் குலுக்கல் சீட்டு தெரிந்தவர்களுக்கு இது புதிதாகத் தோன்றாது. 20 பேர், 20 மாதம். மாதாமாதம் இன்னும் எடுக்காதவர்களின் பெயர்களை மட்டும் டப்பாவில் போட்டுக் குலுக்குவார்கள். முதல் மாதம் உங்கள் வாய்ப்பு இருபதில் ஒன்று, அடுத்த மாதம் பத்தொன்பதில் ஒன்று. பத்தொன்பதாவது மாதம் பாதிக்குப் பாதி, கடைசி மாதம் உறுதி. விழாமல் போன ஒவ்வொரு மாதமும் உங்கள் கணக்கில் ஏறுகிறது. கச்சா செய்வதும் அதேதான், ஒரு வித்தியாசத்தோடு. சீட்டில் ஏற்றம் முதல் மாதத்திலேயே தொடங்கிவிடும். கென்ஷினில் 73 வரை தட்டையாக வைத்திருக்கிறார்கள். 'முதல் பத்துலயே எனக்கு விழுந்துச்சு' என்று வகுப்பில் பீற்றிக்கொள்ள ஒருவன் கிடைக்க வேண்டும், மற்றவர்கள் எல்லோரும் எழுபதைத் தாண்டி வர வேண்டும். இரண்டுக்கும் இடம் கொடுப்பது அந்தத் தட்டையான பகுதிதான் என்பது என் கணிப்பு.

இதையெல்லாம் நடத்த எவ்வளவு ஞாபகம் தேவை என்று பார்த்தால் சிரிப்பு வரும். ஒரு வகை பேனருக்கு, ஒரு கணக்கில், இரண்டே விஷயங்களைக் குறித்து வைத்தால் போதும். ஒன்று, கடைசி ஃபைவ் ஸ்டாருக்குப் பிறகு எத்தனை விஷ் ஆகியிருக்கிறது என்ற எண். இன்னொன்று, ஒரு ஆம்-இல்லை குறி. நீங்கள் பட்டனை அழுத்தியதும் சர்வர் பூஜ்யத்துக்கும் ஒன்றுக்கும் நடுவில் ஒரு எண்ணை எடுக்கிறது, 0.31 என்று வைத்துக்கொள்வோம். உங்கள் எண்ணிக்கை 76 என்றால் அடுத்த விஷ்ஷின் வாய்ப்பு 24.6%, ஆகவே எல்லைக்கோடு 0.246. 0.31 அதைவிடப் பெரியது, ஆகவே கிடையாது. அதே 0.31 இரண்டு விஷ் தள்ளி வந்திருந்தால் கோடு 0.366-க்கு ஏறியிருக்கும், உள்ளே விழுந்திருக்கும். வானத்திலிருந்து விண்கல் பாய்ந்து வருவதும், அது பொன்னிறமாக மாறுவதும், நாம் நெஞ்சைப் பிடித்துக்கொள்வதும் விடை வந்த பிறகு ஓடும் படம். பட்டனை எப்படி அழுத்தினாலும், எந்த நேரத்தில் அழுத்தினாலும் ஒன்றும் மாறாது. ராகு காலம் பார்க்கிறவர்களும் இருக்கிறார்கள் என்பது வேறு விஷயம்.

அந்த ஆம்-இல்லை குறி எதற்கு? ஃபைவ் ஸ்டார் விழுந்தாலும் அது நீங்கள் ஆசைப்பட்ட கேரக்டராக இருக்க வேண்டியதில்லை. பேனரில் படம் போட்டிருப்பவர் வர பாதி வாய்ப்பு, வழக்கமான கூட்டத்திலிருந்து வேறொருவர் வர மீதிப் பாதி. வீரர்கள் 'ஃபிஃப்டி-ஃபிஃப்டி' என்பது இதைத்தான். அதில் தோற்றால் குறி 'ஆம்' ஆகிவிடும், அடுத்த ஃபைவ் ஸ்டார் கட்டாயம் பேனரில் இருப்பவர்தான். ஆக மிக மோசமான நிலையில் 180 விஷ், 28,800 பிரைமோஜெம். பாதிக்குப் பாதி என்றால் சராசரி 94-க்குப் பக்கம். 2024-ல் வந்த 5.0 பதிப்பிலிருந்து இந்தப் பாதியைக் கொஞ்சம் தளர்த்தி, மொத்தத்தில் 55% வரும்படி செய்திருக்கிறார்கள். ஆயுத பேனருக்கு வேறு எண்கள், உச்சம் 80. நான் அந்தப் பக்கம் போகவில்லை, பையனும் போக வேண்டாம் என்கிறான்.

எண்ணும் குறியும் பேனர் மாறினாலும் அழிவதில்லை. இந்த மாதம் 76-ல் நிறுத்தினால் அடுத்த கேரக்டர் பேனர் 77-லிருந்து தொடங்கும். பையனின் நிம்மதிக்குக் காரணம் இங்கே இருக்கிறது. போன முறை அவனுக்கு வேறொருவர் விழுந்திருந்தார், குறி ஏற்கெனவே 'ஆம்'. 76-லிருந்து பத்து விஷ்ஷும் வீணாகும் வாய்ப்பு பத்தாயிரத்தில் மூன்றோ நான்கோதான்.

எல்லா விளையாட்டும் இப்படிச் சேமித்து வைக்க விடாது. இந்த உறுதி என்ற யோசனை பரவலாகப் பேசப்பட்டது ஜப்பானின் கிரான்புளூ ஃபேன்டசியில். 2015 முடிந்து 2016 பிறக்கும் சமயத்தில் வந்த ஒரு அரிய கேரக்டருக்காக ஒரு வீரர் 2,000 முறைக்கு மேல் குலுக்கியது நேரலையில் ஓடியது. ஊர் கொதித்தது. அதே 2016-ல் விளையாட்டைத் தயாரித்த சைகேம்ஸ் நிறுவனம் ஒரு உச்சவரம்பு வைத்தது: 300 முறை குலுக்கினால் வேண்டியதை நேராக எடுத்துக்கொள்ளலாம். ஜப்பானியர்கள் இதைத் 'தென்ஜோ' என்கிறார்கள், வீட்டுக் கூரையின் உட்புறம் என்று பொருள். அங்கே வாய்ப்பு ஏறுவதில்லை, சீட்டுகள் சேர்வதுபோல் புள்ளிகள் சேர்கின்றன. ஆனால் அந்த பேனர் முடிந்தால் புள்ளிகளும் போய்விடும். 250-ல் நிற்கிறவருக்கு அது உறுதிமொழி மாதிரி இருக்காது, கழுத்தில் கத்தி மாதிரி இருக்கும்.

பாவம் பார்ப்பது யார் என்று கேட்டேன் அல்லவா. உச்சவரம்பு வீரரைக் காப்பாற்றுகிறது, பொய்யில்லை. அது இல்லாத காலத்தில் செலவுக்கு அடியே தெரியாது. ஆனால் அதே வரம்பு குலுக்கலுக்கு ஒரு விலைச்சீட்டும் ஒட்டுகிறது. 100 டாலர் பொதி ஒன்றில் 8,080 பிரைமோஜெமுக்கு ஈடானது கிடைக்கும், 28,800-க்கு நான்கு பொதி. கேரக்டர் இப்போது ஒரு விலையுள்ள சரக்கு, தள்ளுபடியில் கிடைக்கலாம் என்ற ஆசையோடு. எண்ணிக்கை 60-ல் நிற்கும்போது ரத்தினம் தீர்ந்துபோனால், 'இன்னும் கொஞ்சம்தானே' என்று மனசு சொல்லும். தாயக்கட்டையிடம் அப்படிச் சொல்வது மடத்தனம். இங்கே அது கணக்குப்படி சரியான வாதம். அதனால்தான் இது பழைய சூதாட்டத்தைவிடச் சாமர்த்தியமானது என்று நினைக்கிறேன்.

விவரப் பக்கத்தில் எண்கள் இருப்பதே வெளியிலிருந்து நெருக்கியதால்தான். சீனா 2017 மே முதல் வாய்ப்புகளை வெளியிடச் சொன்னது. அதே ஆண்டின் கடைசியில் ஆப்பிள் தன் ஆப் ஸ்டோரில் அதைக் கட்டாயமாக்கியது. அந்த எண்கள் அச்சில் இல்லாவிட்டால் 1.43-க்கும் 1.6-க்கும் உள்ள இடைவெளியை எந்தக் கால்குலேட்டரும் பிடித்திருக்காது. அச்சிட்டால் மட்டும் போதாது என்றும் சிலர் நினைக்கிறார்கள். அமெரிக்காவின் நுகர்வோர் பாதுகாப்பு அமைப்பான எஃப்.டி.சி. 2025 ஜனவரியில் கென்ஷின் நிறுவனத்தோடு 2 கோடி டாலர் சமரசத்துக்கு வந்தபோது, 16 வயதுக்குக் கீழே உள்ளவர்களுக்குப் பெற்றோர் சம்மதம் இல்லாமல் இந்தக் குலுக்கல்களை விற்கக்கூடாது என்பதும் ஒரு நிபந்தனை.

மூன்று வாரம் கழித்துப் பையன் கூப்பிட்டான். 1,600 பிரைமோஜெம், எல்லாம் விளையாடிச் சேர்த்தது. பத்து விஷ்ஷை ஒன்றாக அழுத்தினான். விண்கல் பொன்னிறமாக மாறியது. கத்துவான் என்று பார்த்தேன், கொட்டாவி விட்டான்.

"வந்துருச்சு. இப்ப ஏழுல நிக்குது."

"ஜீரோவுக்குப் போகலையா?"

"மூணாவதுலயே விழுந்துருச்சு மாமா. மிச்சம் ஏழு புதுக் கணக்கு."