களத்து அம்பாரத்தில் எத்தனை மூட்டை நெல்?

அறுவடை மெஷின் நெல்லைக் கொட்டிவிட்டுப் போனதும் களத்தில் நிற்பவர்கள் ஆளுக்கொரு எண் சொல்வார்கள். ஒருவருக்கு 60 மூட்டை, இன்னொருவருக்கு 90-க்குக் குறையாது. இந்தக் கண்மதிப்பை நம்பித்தான் சாக்கு வாங்குகிறோம், வண்டி பேசுகிறோம். சிலர் வியாபாரியிடம் மொத்த விலையே பேசி முடித்துவிடுகிறார்கள். ஒரு டேப், ஒரு வாளி, ஒரு தராசு இருந்தால் இதைவிட எவ்வளவோ நெருங்கிச் சொல்லலாம்.

முதலில் வாளி. ஒரு நெல்மணியின் அளவை வைத்துக் கணக்குப் போடக் கூடாது, ஏனென்றால் குவியலில் கிட்டத்தட்டப் பாதி காற்றுதான். 20 லிட்டர் பெயின்ட் வாளியில் நெல்லைத் தளர்வாகக் கொட்டி, தட்டாமல் குலுக்காமல், விளிம்பில் ஒரு குச்சியால் வழித்துவிட்டு எடை போடுங்கள். தட்டினால் மணிகள் இறுகி எடை கூடிவிடும், களத்துக் குவியல் அப்படி இறுகிக் கிடக்காது. பிறகு அதே வாளியில் விளிம்புவரை தண்ணீர் ஊற்றி எடை பாருங்கள். இரண்டிலும் வெறும் வாளியின் எடையைக் கழித்துவிட வேண்டும். தண்ணீரின் கிலோதான் வாளியின் லிட்டர். பெயின்ட் வாளி விளிம்புவரை 20-க்கு மேலேயே பிடிக்கும், அதனால் இதை விடாதீர்கள். தண்ணீர் 21.5 கிலோ, நெல் 12.5 கிலோ என்றால் லிட்டருக்கு 0.58, அதாவது ஒரு கன மீட்டருக்கு 580 கிலோ. பதர் அதிகமிருந்தால் இந்த எண் இறங்கும்.

அடுத்தது குவியல். சிதறிய நெல்லை விளக்குமாற்றால் கூட்டி ஓரத்தை ஒதுக்கிய பிறகு, அடியில் டேப் சுற்றிச் சுற்றளவு எடுங்கள். உச்சியிலிருந்து ஒரு கம்பியைத் தரை தட்டும்வரை நேராக இறக்கி உயரம் எடுங்கள். குவியல் கூம்பு வடிவம் என்பதால், சுற்றளவைச் சுற்றளவால் பெருக்கி, உயரத்தால் பெருக்கி, 37.7-ஆல் வகுத்தால் கன மீட்டர் வரும். சுற்றளவு 12 மீட்டர், உயரம் 1.3 மீட்டர் என்றால் 4.97 கன மீட்டர். அதை 580-ஆல் பெருக்கினால் ஏறத்தாழ 2,880 கிலோ, 40 கிலோ சாக்கில் 72 மூட்டை.

பிசகுவதெல்லாம் பெரும்பாலும் டேப்பில்தான். சுற்றளவு இருமுறை பெருக்கப்படுவதால், ஓரச் சிதறலையும் சேர்த்து அரை மீட்டர் கூடுதலாக எடுத்தால் 6 மூட்டை ஏறிவிடும். அதைவிட மோசம், உயரத்துக்குப் பதிலாகச் சரிவின் மேல் டேப் வைப்பது. இதே குவியலின் சரிவு 2.3 மீட்டர் இருக்கும், 72 மூட்டை 128-ஆகத் தெரியும்! சுவரோரம் கொட்டிய அரைக்குவியல் என்றால், வளைவை அளந்து இரட்டித்து, கணக்குப் போட்டு, வரும் விடையைப் பாதியாக்குங்கள். வளைவின் அளவை அப்படியே போட்டால் இருப்பதில் பாதிக்கணக்குதான் வரும். டிராக்டர் நகர்ந்துகொண்டே கொட்டிய நீளக் குவியலில், நடுப்பகுதிக்கு அகலம், உயரம், நீளம் மூன்றையும் பெருக்கிப் பாதியாக்க வேண்டும். இரு முனைகளையும் சேர்த்து ஒரு முழுக் கூம்பாக எடுத்துக்கொள்ளலாம்.

அளந்தது சரியா என்று பார்க்க ஒரு பழைய வழி உண்டு. 12-ஆம் நூற்றாண்டின் லீலாவதி என்ற கணித நூலில் பாஸ்கராச்சாரியார், நெல்லைப் போல மூக்குள்ள தானியத்தின் குவியல் உயரம் சுற்றளவில் ஒன்பதில் ஒரு பங்கு என்கிறார். 12 மீட்டருக்கு 1.33. கொட்டிய நெல்லின் சரிவு 35 டிகிரியை ஒட்டி நிற்பதால் இன்றும் பொருந்துகிறது. உங்கள் உயரம் இதிலிருந்து மிகவும் விலகினால், யாரோ குவியலைக் கிளறியிருக்கிறார்கள் அல்லது டேப் தவறு. கிளறிய குவியல் கூம்பே அல்ல, திரும்பக் கூட்டிய பிறகு அளங்கள்.

இத்தனையும் அன்றைய ஈரத்தோடு வந்த கணக்கு. ஈரப்பதம் 20 சதவீதமாக இருந்து, கொள்முதல் நிலையத்துக்காக 17-க்குக் காயவைத்தால் 2,880 கிலோ சுமார் 2,776 ஆகும். 72 மூட்டை 69-க்கு வந்து நிற்கும். இதை எடைத் திருட்டு என்று நினைத்துச் சண்டைக்குப் போகிறவர்கள் உண்டு. காய்ந்தது தண்ணீர்தான்.

மணிக்கணக்கே வேண்டுமென்றால் 1,000 மணியை எண்ணி எடை பாருங்கள். 16 கிராம் வரும் சன்ன ரகமானால் இந்தக் குவியலில் 18 கோடி மணி, 24 கிராம் வரும் மோட்டாவானால் 12 கோடி. பழைய வாய்பாட்டில் 360 நெல் ஒரு செவிடு, 5 செவிடு ஒரு ஆழாக்கு, 8 ஆழாக்கு ஒரு படி, ஆக ஒரு படிக்கு 14,400 நெல். எந்த ரகத்து நெல் என்பதை வாய்பாடு சொல்வதில்லை.

வீட்டில் அடுக்குவதென்றால் அறையின் முழு அளவை மூட்டை அளவால் வகுக்காதீர்கள். பத்துக்குப் பன்னிரண்டு அறை 120 சதுர அடி. சுவர் ஈரம் ஏறாமலும் எலி நடமாட்டம் தெரியும்படியும் நான்கு பக்கமும் 2 அடி விட்டால் மிஞ்சுவது 6-க்கு 8, வெறும் 48 சதுர அடி. அடியில் கட்டை போட்டு, அதன்மேல் 5 மூட்டையை நீங்கள் அடுக்கும் விதத்திலேயே அடுக்கி அளந்துவிட்டு மீதியைக் கணக்கிடுங்கள்.