அமீனா: சொல்லும் ஆளும்

"காலி பண்ணலேன்னா அமீனாவோட வருவேன்." தீர்ப்பு கையில் இருக்கும் வீட்டுக்காரர் இதைச் சொன்னால் அர்த்தம் உண்டு. வழக்கே போடாமல் சொன்னால் வெறும் மிரட்டல்.

அமீனா என்பவர் நீதிமன்ற உத்தரவை நேரில் போய் நிறைவேற்றும் ஊழியர். காலி செய்யச் சொல்லித் தீர்ப்பாகியும் வாடகைதாரர் அசையவில்லை என்றால், வீட்டுக்காரர் நிறைவேற்று மனு போடுவார். அதில் பிறக்கும் உத்தரவோடு வாசலில் வந்து நிற்பவர்தான் இவர்.

சொல் அரபியிலிருந்து வந்தது. 'அமீன்' என்றால் நம்பத்தக்கவர், ஒரு பொறுப்பை ஒப்படைக்கத் தகுந்தவர். நம்பிக் கொடுத்துவைத்த பொருளைக் குறிக்கும் அமானத்து என்ற சொல்லும், ஆமினா என்ற பெண்பெயரும் இதே வேரில் வந்தவை. முகலாயர் ஆட்சியில் அமீன் நிலவரி நிர்ணயிக்கும் அதிகாரி. கம்பெனி ஆட்சியிலோ 'சதர் அமீன்' என்பவர் வழக்கு விசாரித்துத் தீர்ப்புச் சொல்லும் இந்திய நீதிபதி! தீர்ப்பு எழுதியவரின் பட்டம், தமிழில் அந்தத் தீர்ப்பைத் தூக்கிக்கொண்டு தெருவில் அலைபவருக்கு வந்து சேர்ந்திருக்கிறது.

பீகாரிலும் வங்கத்திலும் இன்றைக்கும் அமீன் என்றால் நிலம் அளப்பவர். நம் ஊரில் அப்படி இல்லை. ஆனாலும் எல்லைத் தகராறு வந்தால் "அமீனா வந்து அளந்துட்டுப் போனார்" என்று சொல்பவர்கள் இருக்கிறார்கள். அளக்க வருபவர் நீதிமன்றம் நியமித்த வழக்கறிஞர் ஆணையர். சங்கிலியைப் பிடிப்பவர் கூட வரும் நில அளவர். பத்திரத்தின் செக்குபந்தியில் (நான்கு பக்க எல்லை விவரம்) 'கிழக்கே இன்னார் வேலி' என்று இருக்கும், அங்கே வேலியே இருக்காது. அந்த வம்பெல்லாம் ஆணையர் பாடு. வழக்கு முடிந்து, ஆக்கிரமித்த துண்டை ஒப்படைக்கச் சொல்லித் தீர்ப்பான பிறகே அமீனாவுக்கு வேலை.

அவருக்கு என்ன அதிகாரம்? 1908-ஆம் ஆண்டு உரிமையியல் விசாரணை முறைச் சட்டம், கட்டளை 21, விதி 35 இதைச் சொல்கிறது. தீர்ப்பு யாரைக் கட்டுப்படுத்துகிறதோ அவர் வெளியேற மறுத்தால் அவரை அப்புறப்படுத்தலாம். முறையாக எச்சரித்துவிட்டுப் பூட்டைத் திறக்கலாம், கதவையும் உடைக்கலாம். நடைமுறையில், பூட்டு உடைக்கவும் போலீஸ் பாதுகாப்புக்கும் தனியாக மனு போட்டு உத்தரவு வாங்கிக்கொள்வதே வழக்கம். அந்தத் தீர்ப்பு கட்டுப்படுத்தாத, குடியிருக்க உரிமையுள்ள வாடகைதாரர் உள்ளே இருந்தால் விதி 36. அவரைக் கிளப்ப முடியாது. உத்தரவின் நகலைக் கண்ணில் படும் இடத்தில் ஒட்டி, தண்டோரா போட்டு அறிவிப்பதோடு சரி.

இதற்கு மேல் அவரிடம் எதுவும் இல்லை. "பிள்ளைக்குப் பரீட்சை சார், ஒரு மாசம் டைம் குடுங்க" என்று அவரிடம் கெஞ்சிப் பயனில்லை. அவகாசம் தருவது நீதிமன்றம்தான்.

சரி, தமிழில் என்ன சொல்வது? நீதிமன்றப் பணி அறிவிப்புகளில் இந்தப் பதவி 'கட்டளைப் பணியாளர்' என்று வருகிறது; முதுநிலை, இளநிலை என்ற பிரிவுகளும் உண்டு. பொருந்தும் பெயர்தான். ஒரே சிக்கல், சட்டப்பிரிவுக்கும் கட்டளை, அவர் கையில் இருக்கும் தாளுக்கும் கட்டளை. கட்டளை 21-இன்படி பிறந்த கட்டளையோடு கட்டளைப் பணியாளர் வருகிறார் என்று ஒருமுறை எழுதிப் பார்த்தால் புரியும். என்னைக் கேட்டால் 'கட்டளை நிறைவேற்றுநர்' இன்னும் தெளிவு. செய்யும் வேலை பெயரிலேயே இருக்கிறது. 'ஏவலர்' சுருக்கமான சொல்தான், ஆனால் வீட்டு வேலைக்காரர் மாதிரி ஒலிக்கிறது.

மனுவில் எந்தப் பெயரை எழுதினாலும், அவர் வாசலுக்கு வரும்போது காதில் விழுவது "வாங்க அமீனா சார்" என்பதுதான்.