ஆறு ஏன் ஒரு கரையை மட்டும் அறுக்கிறது?

ஸ்ரீவைகுண்டத்துக்குக் கிழக்கே தாமிரபரணிக் கரையில் வாழை போட்டிருக்கும் வாசகி ஒருவர் எழுதியிருந்தார். 2023 டிசம்பர் வெள்ளத்தில் கரையோரம் நின்ற மூன்று தென்னைகள் வேரோடு போய்விட்டன. அதன்பிறகு ஒவ்வொரு மழைக்கும் கரை இடிந்துகொண்டே இருக்கிறதாம். எதிர்க்கரையிலோ மணல் மேடு வருஷத்துக்கு வருஷம் வளர்கிறது. "ஒரே ஆறுதானே, எங்கள் பக்கம் மட்டும் ஏன் அறுக்கிறது? கரையில் இருக்கும் சாமிக்குக் கொடை கொடுக்காமல் விட்டதுதான் காரணம் என்று ஊரில் சொல்கிறார்கள்" என்று கேட்டிருந்தார்.

உங்கள் தோட்டம் ஆற்று வளைவின் வெளிப்பக்கம் இருக்கிறது அம்மா. இடத்தைப் பார்க்காமலே இதைச் சொல்ல முடிகிறது. வளைவின் வெளிக்கரை அறுபடும், உள்கரையில் மணல் சேரும். தாமிரபரணி ஆனாலும் கங்கை ஆனாலும் இதில் மாற்றமில்லை.

வேகமாக ஓடும் தண்ணீர் மண்ணை அரிக்கும், வேகம் குறைந்தால் சுமந்து வந்ததைக் கீழே போடும் என்று பள்ளிக்கூடத்தில் படித்திருக்கிறோம். வளைவில் வெளிப்பக்கம் வேகம் அதிகம், உள்பக்கம் குறைவு. பாடப்புத்தகம் இத்தோடு முடித்துவிடும். ஆனால் இது பாதிக் கதைதான். மீதியைப் பார்க்க அடுக்களைக்குப் போக வேண்டும்.

ஒரு கண்ணாடி டம்ளரில் தண்ணீர் ஊற்றி, வடிகட்டிய தேயிலைத் தூளில் ஒரு சிட்டிகை போடுங்கள். தூள் அடியில் படியட்டும். கரண்டியால் வேகமாக நாலு சுற்று சுற்றிவிட்டு, கரண்டியை எடுத்துவிடுங்கள். தூள் எங்கே போகும்? சுழலும் பொருள் வெளியே தள்ளப்படும் என்பதால் ஓரத்தில் ஒட்டும் என்றுதான் எல்லோரும் நினைப்போம். நேர் எதிராக, தூள் முழுவதும் அடியில் நடுமையத்துக்கு வந்து சின்னக் குவியலாக உட்காரும். என் ஆச்சி புளி கரைத்தால் தண்ணீரை ஒரு சுழற்று சுழற்றிவிட்டு, மண் நடுவில் கூடியதும் மேல்தண்ணீரை மெதுவாக இறுத்துவிடுவாள். அவள் செய்ததும் இதேதான்.

ஏன் நடுவுக்கு வருகிறது? சுழலும்போது தண்ணீர் வெளியே தள்ளப்பட்டு டம்ளரின் ஓரத்தில் உயர்கிறது, நடுவில் குழிகிறது. ஓரத்தில் தண்ணீர் உயரம் அதிகம் என்பதால் அங்கே அழுத்தமும் அதிகம். அந்த அழுத்தம் தண்ணீரை உள்ளே தள்ளப் பார்க்கிறது. சுழற்சி வெளியே தள்ளுகிறது, அழுத்தம் உள்ளே தள்ளுகிறது, இரண்டும் சமமாக நிற்கின்றன. ஆனால் டம்ளரின் அடியை ஒட்டியிருக்கும் மெல்லிய படலத்துத் தண்ணீர் உராய்வினால் வேகம் இழந்துவிடுகிறது. வேகம் பாதியானால் வெளியே தள்ளும் விசை கால்வாசியாகிவிடும், ஏனென்றால் அது வேகத்தின் இருமடியைப் பொறுத்தது. உள்ளே தள்ளும் அழுத்தமோ அப்படியே இருக்கிறது, மேலே நிற்கும் தண்ணீர் மாறவில்லையே. ஆகவே அடித்தண்ணீர் தோற்றுப்போய் நடுவை நோக்கிச் சரிகிறது. தேயிலைத் தூளையும் இழுத்துக்கொண்டு வருகிறது. நடுவுக்கு வந்த தண்ணீர் மேலே எழும்பி, மேற்பரப்பில் வெளியே போய், ஓரத்தில் கீழே இறங்கி, மறுபடியும் அடிவழியாக உள்ளே வருகிறது. தூளுக்கு மேலே எழும்பும் அளவு இலேசு இல்லை, அதனால் நடுவிலேயே தங்கிவிடுகிறது.

எத்தனை முறை செய்தாலும் எனக்கு இது அலுக்கவில்லை. கண்ணுக்கு நேரே தூள் ஒவ்வொன்றாக உள்ளே ஊர்ந்து வருவதைப் பார்க்கும்போது, ஆற்றின் அடிமணலையே மேலிருந்து பார்ப்பதுபோல் இருக்கும்.

ஆற்று வளைவு என்பது அந்த டம்ளரின் ஒரு துண்டு. வளைவின் வெளிக்கரை டம்ளரின் ஓரம், உள்கரை டம்ளரின் நடு. ஒரு கணக்குப் போட்டுப் பார்த்தேன். ஆறு 100 மீட்டர் அகலம், வளைவின் ஆரம் 300 மீட்டர், தண்ணீரின் வேகம் நொடிக்கு ஒன்றரை மீட்டர் என்று வைத்துக்கொண்டால், வெளிக்கரையில் நீர்மட்டம் உள்கரையைவிட ஏழரை சென்டிமீட்டர் உயர்ந்து நிற்கும். ஒரு சாண்கூட இல்லை, கரையில் நின்று பார்த்தால் தெரியவே தெரியாது. ஆனால் அந்த ஏழரை சென்டிமீட்டர்தான் ஆற்றை முறுக்குகிறது. மேல்தண்ணீர் வெளிக்கரைக்குப் போய் மோதி, கரையோரமாகக் கீழே இறங்கி, அடிவழியாக உள்கரைக்கு ஏறுகிறது. இதற்கிடையே மொத்த ஆறும் முன்னே ஓடிக்கொண்டிருக்கிறது அல்லவா? இரண்டும் சேர்ந்தால் தண்ணீர் திருகாணிபோல முறுக்கிக்கொண்டே வளைவைக் கடக்கிறது. வெளிக்கரையின் அடியை அரிப்பதும், உள்கரைக்கு அடிமணலை ஏற்றுவதும் இந்தத் திருகோட்டம்தான். இதன் வேகம் ஆற்றோட்டத்தின் வேகத்தில் ஏறக்குறைய பத்தில் ஒரு பங்குதான் இருக்கும். மணலுக்கு அது தாராளம்.

ஐன்ஸ்டைன் இந்தத் தேநீர்க் கோப்பையை வைத்தே ஆற்று வளைவுகளை விளக்கி 1926-ல் ஒரு கட்டுரை எழுதினார். ஆனால் அவருக்கு ஐம்பது வருஷம் முன்பே, 1876-ல், ஜேம்ஸ் தாம்சன் என்ற பொறியாளர் இதைக் கண்டு சொல்லிவிட்டார். புகழ்பெற்ற கெல்வின் பிரபுவின் அண்ணன். தம்பியின் பெயரைப் பாடத்தில் படிக்கிறோம், அண்ணனைப் பலருக்குத் தெரியாது. எனக்கு அவர்மேல் தனிப் பிரியம்.

நேராக ஓடும் ஆறு எப்படி வளைய ஆரம்பிக்கிறது? ஒரு மரம் விழுந்தால் போதும், ஒரு பக்கம் கரை இளகியிருந்தால் போதும். ஓட்டம் கொஞ்சம் ஒதுங்கும், ஒதுங்கிய பக்கம் அரிக்கும், அரித்ததால் வளைவு கூடும், வளைவு கூடியதால் முறுக்கு கூடும். ஒரு முழு வளைவின் நீளம் பெரும்பாலும் ஆற்றின் அகலத்தைப்போல 10 முதல் 14 மடங்குக்குள் இருக்கும். வாய்க்கால் அளவு ஓடையும் பேராறும் இதில் ஒன்றுதான். பக்கத்தில் ஒரு மாட்டையோ வீட்டையோ காட்டாமல் மேலிருந்து படம் எடுத்துக் காட்டினால் எது பெரிது என்று சொல்ல முடியாது. வளைவு முற்றிப்போனால் அதன் கழுத்தை வெள்ளம் வெட்டிக் குறுக்கே பாயும், பழைய வளைவு குளமாகத் தனித்து நிற்கும். பீகாரில் பேகுசராய் பக்கம் உள்ள கன்வர் ஏரி, பூடி கண்டக் ஆறு விட்டுப்போன அப்படியொரு வளைவுதான். 2020-ல் அது உலக அளவில் முக்கியமான ஈரநிலங்களின் பட்டியலான ராம்சர் பட்டியலில் சேர்ந்தது.

இப்போது சாமிக்கு வருகிறேன்.

எங்கள் பக்கம் வெளிக்கரையோர ஆழத்தைக் கசம் என்போம், சில ஊர்களில் மடு. நான் ஏழாவது படித்தபோது, என்னைவிட ஒரு வயது மூத்த பையன் கசத்தில் போய்விட்டான். நன்றாக நீந்தத் தெரிந்தவன். எதிரே மணல் பக்கம் இறங்கி, முழங்கால் தண்ணீரில் நடந்து, இடுப்பளவு வந்து, அடுத்த அடி வைத்தபோது தரை இல்லை. கரை ஏறலாம் என்று அக்கரையைப் பிடித்திருக்கிறான். அது செங்குத்தாக நின்ற ஈரமண், கைக்கு வந்தது வேர் மட்டும்தான், அதுவும் மண்ணோடு பெயர்ந்துவிட்டது. ஊரில் சொன்னார்கள், கசத்து முனி வருஷத்துக்கு ஒரு ஆள் கேட்கும் என்று. சேவல் அறுத்தார்கள். எல்லோரும் அத்தோடு சமாதானம் ஆனார்கள். அடுத்த சில வருஷங்களில் அதே இடத்தில் இன்னொருவர் போனார்.

இந்த முனிக்கதைமேல் எனக்கு இன்றைக்கும் கோபம் உண்டு. சாமி கும்பிடுவதில் எனக்கு எந்தச் சண்டையும் இல்லை. ஆனால் முனி என்று சொன்ன மறுகணமே கேள்வி நின்றுவிடுகிறது. எந்த இடம் ஆழம், ஏன் ஆழம், வெள்ளத்துக்குப் பிறகு கசம் எங்கே நகர்ந்திருக்கிறது என்று ஒருவரும் பார்ப்பதில்லை. கசத்தில் யாரும் காலைப் பிடித்து இழுப்பதில்லை. மணல் பக்கம் இருந்த தரையை நம்பிப் போகிறவனுக்கு அந்தப் பக்கம் தரை இல்லை. மேல்தண்ணீர் ஆளை வெளிக்கரைக்கே கொண்டுபோகும், அங்கே ஏறப் பிடிமானம் இருக்காது. பிள்ளைகளுக்கு இதைச் சொல்லிக்கொடுங்கள். வளைவில் குறுக்கே போகாதே, அகப்பட்டால் செங்குத்துக் கரையில் தொற்றாமல் ஓட்டத்தோடு மிதந்து கீழே தாழ்ந்த கரை பார்த்து ஒதுங்கு. கரையில் நிற்பவர்கள் குதிக்காமல் கயிறோ புடவையோ வீசுங்கள். மணல் அள்ளிய குழிகள் உள்ள ஆற்றில் உள்கரையையும் நம்ப முடியாது என்பது தனி வேதனை.

கரையைக் காப்பாற்ற என்ன செய்வது? இதற்கு ஒரு அழகான சோதனை இருக்கிறது. வெறும் மணலில் தண்ணீர் விட்டு ஆய்வகத்தில் வளைந்த ஆறு உண்டாக்கப் பல காலம் முயன்றார்கள். கரை சீக்கிரம் சரிந்து, ஆறு பல கால்களாகப் பிரிந்து போய்விடும். 2009-ல் கலிஃபோர்னியாவின் பெர்க்லி ஆய்வாளர்கள் மணலில் குதிரைமசால் விதைத்தார்கள், நாம் மாட்டுக்குப் போடும் அதே தீவனப் பயிர். அந்தச் சின்ன முளைகளின் வேர் மணலைப் பிடித்ததும், ஆறு ஒரே காலாக நின்று, வளைந்து நகர்ந்து, உள்பக்கம் மணல் மேடும் கட்டியது. ஆறு வளைந்து ஓடுவதற்குக் கரைச்செடியின் வேரும் காரணம் என்று அங்கே கண்ணால் பார்த்தார்கள்.

அந்தச் சோதனைக்கு வேண்டியது ஒரு நீளமான தொட்டி, மணல், விதை, பொறுமை. நமக்கு இது முடியாததா? புனேக்குப் பக்கத்தில் மத்திய நீர் ஆராய்ச்சி நிலையம் 1916-லிருந்து இருக்கிறது, நம் பூண்டியில் 1944-லிருந்து இருக்கிறது. ஆனால் நான் படித்த கல்லூரியில், தண்ணீரை ஓடவிட்டுச் சோதிக்கும் ஓட்டத்தொட்டிமேல் பழைய நாற்காலிகளை அடுக்கி வைத்திருந்தார்கள். வெள்ளம் வடிந்ததும் ஆற்றின் குறுக்கே ஆழம் அளந்து ஊருக்கொரு கசப் படம் போட ஒரு படகும் நாலு மாணவர்களும் போதும். வெள்ளம் முடிந்து நிவாரணத்துக்குக் கொடுக்கும் பணத்தில் ஒரு துளி இதற்கு ஒதுக்கினால் என்ன?

உங்கள் கேள்விக்குத் திரும்புகிறேன். கான்கிரீட் சுவர் கட்டினால் உங்கள் இடம் கொஞ்ச காலம் நிற்கும், ஆனால் ஓட்டத்தின் வேகம் கீழே அடுத்தவர் கரையில் போய் இறங்கும். ஆற்றை நேராக்கிவிடலாம் என்று யாராவது சொன்னால் அமெரிக்காவின் கிஸ்ஸிமி ஆற்றைச் சொல்லுங்கள். வளைந்து 166 கிலோமீட்டர் ஓடியதை 1971-க்குள் 90 கிலோமீட்டர் கால்வாயாக நிமிர்த்தினார்கள். சதுப்பு வற்றிப் பறவைகள் போய்விட்டன. பிறகு பெரும்பணம் செலவழித்து அதன் ஒரு பகுதியை மறுபடி வளைத்தார்கள், வேலை முடிந்தது 2021-ல். உங்கள் கரையில் நாணலும் வெட்டிவேரும் நெருக்கமாக வையுங்கள், சரிவைச் செங்குத்தாக விடாமல் படிபோலச் சாயவையுங்கள், கரையிலிருந்து சில அடி தள்ளி வாழையை வையுங்கள். அறுப்பு நின்றுவிடாது, மெதுவாகும்.

இன்னொன்று. எதிர்க்கரை மணல் மேடு உங்கள் மண்ணில் வளர்ந்தது என்று நினைத்து வருந்தியிருப்பீர்கள். அது பெரும்பாலும் உங்கள் மண் இல்லை. அமெரிக்காவின் விக்ஸ்பர்க் ஆய்வு நிலையத்தில் 1940-களில் செய்த தொட்டிச் சோதனைகளில், வெளிக்கரையில் இடிந்த மணல் பெரும்பாலும் ஆற்றைக் கடக்காமல், அதே பக்கமாகக் கீழே போய் அடுத்த உள்வளைவில் படிந்ததைப் பார்த்தார்கள். கோடையில் தண்ணீர் இறங்கியதும் உங்கள் கரையிலேயே ஆற்றோட்டத்தின் திசையில் நடந்து போங்கள். ஆறு மறுபக்கம் திரும்பும் இடத்தில் ஒரு மணல் மேடு வரும். உங்கள் தோட்டத்து மண் அங்கேதான் கிடக்கிறது.