சத்தம் போகாத ஏழு தீவு: அப்படி ஒண்ணு இருக்க முடியுமா?

அக்கா மக ஆறாவது படிக்கிறா. லீவுக்கு காரைக்குடி வந்தவ பழைய காலண்டர் தாள் பின்னாடி ஏழு தீவு வரைஞ்சு வெச்சிருந்தா, கிழக்கு மேற்கா வரிசையா, நடுவுல நடுவுல 400 மீட்டர் கடல். ஒரு தீவுல தொண்டை கிழிய கத்தினாலும் அடுத்த தீவுல கேக்காதாம். "மாமா, இப்படி நெஜமா இருக்க முடியுமா?"ன்னா. சும்மா தலையாட்டிட்டுப் போயிருக்கலாம், ஆனா கேள்வி மூணு நாளா விடல.

காத்தே இல்லைன்னா சத்தம் போகாது, அது பள்ளிக்கூடத்துலயே படிச்சதுதான். 1660லயே ராபர்ட் பாயில் கண்ணாடிக் குடுவைக்குள்ள கடிகாரத்தைத் தொங்கவிட்டு காத்தை உறிஞ்சிப் பாத்தாரு, டிக் டிக் அடங்கிப் போச்சு. ஆனா காத்து இல்லாத தீவுல கத்துறதுக்கு ஆள் எங்க இருக்கும்? அதனால அதை விட்ருவோம்.

காத்து இருந்தும் சத்தம் கேக்காம போறதுதான் சங்கதி. எதிர்க்காத்து சத்தத்தைத் தள்ளி விட்ருதுன்னுதான் எல்லாரும் சொல்லுவாங்க, நானும் ரொம்ப நாள் அப்படித்தான் நெனச்சிட்டு இருந்தேன். கணக்குப் போட்டா இடிக்குது. 20 டிகிரியில சத்தம் செகண்டுக்கு 343 மீட்டர் ஓடுது, நல்லா வீசுற கடல்காத்தே செகண்டுக்கு 10 மீட்டர்தான். 343ல 10 போனா 333, இதுக்குப் போயி சத்தம் நின்னுருமா என்ன?

இங்கதான் எனக்கு ரொம்பப் பிடிச்ச இடம் வருது. நம்ம பக்கத்து மாட்டுவண்டிப் பந்தயத்தை நெனச்சுக்குங்க. வலது மாடு பாய்ஞ்சு இடது மாடு சுணங்கினா வண்டி எந்தப் பக்கம் திரும்பும்? இடது பக்கம், அதாவது சுணங்குற மாட்டுப் பக்கம். சத்தமும் அப்படித்தான், ஒரு கோடு மாதிரி போறதில்ல, நெட்டுக்குத்தா நிக்கிற ஒரு சுவர் மாதிரி நகருது. காத்து தரையில, அலையில உரசி கீழ மெதுவா வீசும், மேல போகப்போக வேகம் கூடும். எதிர்க்காத்துல போற சத்தத்துக்கு அடிப்பாகத்துல தடை கம்மி, தலைப்பாகத்துல ஜாஸ்தி, மேல இருக்குற மாடு சுணங்குது, வண்டி வானத்தைப் பாத்துத் திரும்பிருது. அம்புட்டுத்தான். சத்தம் எங்கயும் சாகல, உங்க தலைக்கு மேல ஏறிப் போயிட்டு இருக்கு, நீங்க அதோட நிழல்ல நிக்கிறீங்க.

தீவுக்கு ஒரு கணக்கு போட்டேன். 10 மீட்டர் ஏற ஏற காத்து வேகம் செகண்டுக்கு 1 மீட்டர் கூடுதுன்னு வெச்சுக்கிட்டா, சத்தம் ஏறக்குறைய 3.4 கிலோமீட்டர் ஆரமுள்ள வட்டத்துல வளையும். கத்துறவன் வாயும் கேக்குறவன் காதும் 2 மீட்டர் உயரத்துல இருந்தா சுமார் 230 மீட்டர்லயே நிழல் ஆரம்பிச்சிரும். புள்ள சொன்ன 400 மீட்டர் தாராளமா உள்ள வந்துருது! ஆனா கேக்குறவன் 20 மீட்டர் பனைமரத்துல ஏறிட்டான்னா நிழல் 490 மீட்டருக்குத் தள்ளிப் போயிரும், அவனுக்குக் கேக்கும். இதுவே காத்து போற பக்கம் சத்தம் கீழ வளையும், அதனால கிழக்கேர்ந்து காத்தடிச்சா கிழக்குத் தீவு பேசுறது மேற்குக்குக் கேக்கும், மேற்கு பேசுறது கிழக்குக்குக் கேக்காது. கொஞ்சம் கசியும்தான், காத்துல இருக்குற சுழல் பட்டு சிதறி. கீச்சுக் குரலை விட உறுமி மாதிரி கனத்த சத்தம் நிழலுக்குள்ள கொஞ்சம் கூடவே நுழையும்.

வெப்பமும் இதே வேலையைப் பாக்கும். ஒரு டிகிரி கூடினா சத்தத்தோட வேகம் 0.6 மீட்டர் கூடும். உச்சி வெயில்ல நம்ம செம்மண் பொட்டல் கொதிக்குது, கீழ சூடு, மேல குளிர்ச்சி, திரும்பவும் மேல் மாடு சுணங்குது. போன வருசம் அம்மன் கோயில் திருவிழாவுக்கு மைக் செட் ஒரு கிலோமீட்டர் தள்ளிக் கட்டியிருந்தாங்க. மத்தியானம் வத்தல் காயப்போட மொட்டை மாடிக்குப் போனா பாட்டு வரி வரியா கேக்குது, முத்தத்துக்கு இறங்கினா காணோம். சுவர் மறைக்குதோன்னு வெளிய பொட்டல்ல போய் நின்னேன், அங்கயும் இல்ல. நாலு தடவை ஏறி இறங்கினேன், வீட்ல ஒரு மாதிரி பாத்தாங்க.

ராத்திரி தலைகீழ். தரை சீக்கிரம் ஆறிரும், மேல காத்து வெதுவெதுன்னு இருக்கும், சத்தம் கீழ வளைஞ்சு வரும். செட்டிநாடு ஸ்டேஷன் பக்கம் போற ரயிலோட ஹாரன் ராத்திரி ஜன்னலுக்கு வெளிய கேக்குற மாதிரி இருந்தா "நாளைக்கு மழைடா"ன்னு அப்பத்தா சொல்லும். மழைக்கு நான் கேரண்டி இல்ல, ஆனா ஹாரன் கிட்டத்துல கேக்குறதுல பொய்யே இல்ல.

இது போர்க்களத்துலயே நடந்திருக்கு. 1862 செப்டம்பர் 19, அமெரிக்க உள்நாட்டுப் போர்ல ஐயூகாங்குற ஊர். பீரங்கிச் சத்தம் கேட்டதும் தாக்கணும்னு ஒரு படைக்கு உத்தரவு, ஆனா காத்து அவங்க பக்கத்துலேர்ந்து சண்டை நடந்த பக்கமா அடிச்சதுல சத்தமே வரல, சில மைல் தள்ளி சும்மா காத்துக்கிட்டு இருந்திருக்காங்க. 1873ல இங்கிலாந்துக் கடற்கரையில மூடுபனியில கப்பலுக்கு எச்சரிக்கை குடுக்குற ஊதுகுழல்களைச் சோதிச்ச விஞ்ஞானி ஜான் டிண்டால், கண்ணுக்குத் தெரியாத ஒலி மேகம் தடுக்குதுன்னாரு. ஒலி வளையுதுன்னு ஆஸ்போர்ன் ரெனால்ட்ஸ் அடுத்த வருசமே எழுதினாரு. காத்தால சத்தம் வளையும்னு ஸ்டோக்ஸ்ங்குற விஞ்ஞானி 1857லயே சொன்னதுதான், கேக்கத்தான் ஆளில்ல.

இப்ப இதே விசயத்தை "மர்மத் தீவு, விஞ்ஞானிகளே அதிர்ச்சி"ன்னு வீடியோ போட்டா லட்சம் பேர் பாப்பாங்க. எந்த விஞ்ஞானியும் அதிர்ச்சியாகல, நூத்தம்பது வருசமா தெரிஞ்ச கதை. இந்த ஊர்ல வள்ளல் அழகப்பச் செட்டியார் 300 ஏக்கரும் 15 லட்சமும் குடுத்து, 1948ல மின்வேதியியல் ஆராய்ச்சி நிலையத்துக்கு நேரு வந்து அடிக்கல் போட்டாரு. அந்த மனசு இப்பவும் ஊருக்குள்ள இருக்குதான், ஆனா முக்காவாசி கூம்பு ஸ்பீக்கர் வாங்குறதுலயே போயிருது, பள்ளிக்கூடத்துக்கு காத்து வேகம் அளக்குற கருவி ஒண்ணு கேட்டா நம்மளை ஏற இறங்கப் பாக்குறாங்க.

புள்ளைகிட்ட இவ்வளவும் சொன்னேன், பாதிதான் கேட்டா. சாயங்காலம் பாத்தா படத்துல கிழக்கு ஆறு தீவுலயும் ஒவ்வொரு பனைமரம், உச்சியில ஒரு ஆளு காதுல கைய வெச்சுக்கிட்டு. மேற்குக் கடைசித் தீவுக்காரன் மட்டும் கீழ பாய் போட்டுப் படுத்திருக்கான். "இவனுக்கு ஏன் மரம் இல்ல?"ன்னு கேட்டேன். "இவனுக்கு அந்தப் பக்கம் யாரு மாமா இருக்கா?"ன்னுட்டு காத்துக்கு அம்புக்குறி போட ஆரம்பிச்சிட்டா.